வாழ்த்து வாக்குறுதி ஆகும்போது

இந்தியாவில் பிறந்தநாள் காணும் ஒருவர் அன்று காலையில் கைபேசியைத் திறந்தால் முதலில் கிடைப்பது தெய்வங்களின் தரிசனம். திருமலை வேங்கடவன், ஷீரடி பாபா, குழந்தை இயேசு, பிறை தாங்கிய பள்ளிவாசல், அமிர்தசரஸ் பொற்கோயில் என்று அனுப்புவோரின் நம்பிக்கைக்கேற்பப் படங்கள் மாறும். படத்தின் அடியில் இருக்கும் வாசகம் பெரும்பாலும் மாறாது. இவ்வாண்டு கண்ணீரெல்லாம் ஆனந்தமாக மாறும், கேட்டதெல்லாம் கிடைக்கும், நோய் உங்களை அணுகாது, கடவுள் உங்கள் கதவைத் தட்டிக்கொண்டிருக்கிறார். இத்தகைய வாழ்த்துகளைப் பற்றி இரு கருத்துகளே வழக்கமாகக் கேட்கக் கிடைக்கின்றன. பக்தியுள்ளோர் அவற்றை அப்படியே அடுத்தவருக்கு அனுப்புகின்றனர். படித்தோர் எனத் தம்மைக் கருதுவோர் நகைக்கின்றனர். இறைவன் பெயரால் ஒருவரை வாழ்த்துவது என்றால் என்ன, அதற்கென்று ஓர் ஒழுங்கு உண்டா என்ற கேள்வியை இரு தரப்பும் எழுப்புவதில்லை.

நகைப்போர் சொல்லும் முதற்குற்றம், ஒரே வாசகம் ஆயிரம் பேருக்குப் போகிறது என்பது. இக்குற்றச்சாட்டு வலுவற்றது. சமய வாழ்த்துகள் எல்லாக் காலத்திலும் எடுத்துச்சொல்லப்பட்ட வாசகங்களாகவே இருந்துவந்துள்ளன. 1979-இல் எருசலேம் நகருக்கு அருகே கேதெப் இன்னோம் என்னுமிடத்தில் ஒரு பழைய கல்லறையிலிருந்து சுருட்டப்பட்ட இரு சிறு வெள்ளித் தகடுகள் கிடைத்தன. அவற்றில் கீறப்பட்டிருந்தது, விவிலியத்தின் எண்ணாகமத்தில் ஆரோனும் அவன் மைந்தரும் மக்களுக்குக் கூறுமாறு விதிக்கப்பட்ட ஆசிமொழியோடு நெருங்கிய வாசகம். ஏறத்தாழ இரண்டாயிரத்து அறுநூறு ஆண்டுகளுக்கு முன் யாரோ ஒருவர் காப்பாக அணிந்திருந்த அந்த ஆசி இன்றும் யூத, கிறித்தவ வழிபாடுகளில் கூறப்படுகிறது. நூறு இலையுதிர் காலங்களைக் காணவேண்டும் என்ற வேதகால வேண்டுதலும் அவ்வாறே தலைமுறை தலைமுறையாக ஒரே சொற்களில் ஓதப்பட்டு வருகிறது. சொல் பழையது என்பதாலோ பலரால் சொல்லப்பட்டது என்பதாலோ வாழ்த்து பொய்யாகிவிடாது. எழுதப் பழகாத ஒரு பாட்டி, பேரனின் பிறந்தநாளில் முருகன் படம் ஒன்றைத் தேடி எடுத்து அனுப்பும்போது, தலையில் கை வைக்க முடியாத தொலைவை அவர் அந்தப் படத்தால் கடக்கிறார்.

ஆனால் மரபு ஒன்றை விடாமல் வற்புறுத்தியது. வாசகம் பொதுவாக இருக்கலாம். வாழ்த்தப்படுபவர் பொதுவானவராக இருத்தல் ஆகாது. கேரளத்துக் கோயில்களில் வழிபாட்டுச் சீட்டு எழுதுபவர் பெயரையும் நட்சத்திரத்தையும் கேட்காமல் சீட்டுத் தருவதில்லை. தமிழ்நாட்டு அர்ச்சனையிலும் பெயர், நட்சத்திரம், சில இடங்களில் கோத்திரம் ஆகியன சொல்லப்படுகின்றன. கத்தோலிக்கத் தேவாலயத்தில் திருப்பலிக் கருத்து ஒருவர் பெயரைச் சொல்லி ஒப்புக்கொடுக்கப்படுகிறது. சீக்கியர்களின் அர்தாஸில் யாருக்காக வேண்டுகிறார்களோ அவர் பெயர் சங்கத்தின்முன் கூறப்படுகிறது. கோடிப் பேருக்கு ஒரே மந்திரத்தைச் சொல்லும் அமைப்புகள் அனைத்தும் அந்த மந்திரத்தின் நடுவில் ஓர் இடத்தை ஒருவருக்காக மட்டும் ஒதுக்கிவைத்திருந்தன. வாட்ஸ்அப் 2018-இல் மறுபகிர்வுச் செய்திகளின் மேல் ஓர் அம்புக்குறியை இடத் தொடங்கியது. அதே ஆண்டில் இந்தியாவில் ஒரு செய்தியை ஒரே நேரத்தில் ஐந்து உரையாடல்களுக்கு மேல் பகிரவியலாதவாறு வரம்பும் விதித்தது. வதந்தியைக் கட்டுப்படுத்த வந்த அந்தக் குறி இன்று பிறந்தநாள் ஆசியின் தலையிலும் நிற்கிறது. பெயர் எழுதப்பட வேண்டிய இடத்தில் அம்பு இருப்பதே இங்குள்ள குறை.

இதைவிடப் பெரிய மாற்றம் ஒன்று சொல்லின் இலக்கணத்தில் நிகழ்ந்திருக்கிறது. தமிழில் வாழ்த்துக்கென்று வியங்கோள் என்னும் வினைவடிவம் உண்டு. வாழ்க, வாழிய, வெல்க, நீடுக என வருவன அவ்வடிவின. அது நடக்கும் என்று அறிவிப்பதில்லை. நடக்கட்டும் என்று விழைகிறது. வடமொழி இலக்கணத்தார் வாழ்த்துக்காகவே ஆசீர்லிங் எனத் தனியொரு வினைவடிவை வகுத்தனர். மலையாளத்தில் இறைவன் அருளட்டும் என்ற பொருளில் வாழ்த்துவோர் இன்றும் அத்தகைய வடிவிலேயே முடிக்கின்றனர். விழைவையும் வருவதுரைத்தலையும் மொழிகள் வேறுபடுத்தியதற்குக் காரணம் உண்டு. வாழ்த்துபவருக்கு விருப்பம் மட்டுமே உரியது. விளைவு அவர் கையில் இல்லை. ஆரோனின் ஆசியிலும் குருக்கள் இறைவனின் பெயரை மக்கள்மேல் கூறுவர், ஆசி வழங்குபவன் இறைவனே என்ற வேறுபாடு தெளிவாகச் சொல்லப்பட்டிருக்கிறது. ‘ஆமென்’, ‘ஆமீன்’ என்னும் முடிவுச் சொல்லும் கேட்பவர்களின் வேண்டுதலை அதனோடு சேர்ப்பதற்காக உள்ளது.

இன்று சுற்றிவரும் பக்தி வாழ்த்துகளில் வியங்கோள் அருகி, எதிர்காலமே மிகுந்துவிட்டது. ‘நலம் பெறுக’ என்பது ‘நலம் பெறுவீர்கள்’ ஆயிற்று. ‘இறைவன் துணைநிற்க’ என்பது ‘இறைவன் இவ்வாண்டே உங்கள் கடனைத் தீர்ப்பார்’ ஆயிற்று. விழைவு வாக்குறுதியாக மாறிவிட்டது. அதுவும் வாக்களிப்பவர் ஒருவர், நிறைவேற்ற வேண்டியவர் வேறொருவர் என்ற நிலையில். சிறு எழுத்து மாற்றம்போலத் தோன்றும் இதன் விளைவைப் புற்றுநோய்ப் பிரிவில் படுத்திருப்பவர் அறிவார். மூன்றாம் முறையாகக் கருக்கலைந்த பெண் அறிவார். ஐந்தாண்டுகளாகக் குடிமைப்பணித் தேர்வெழுதித் தில்லியின் குறுகிய வாடகை அறை ஒன்றில் தங்கியிருக்கும் இளைஞர் அறிவார். சென்ற பிறந்தநாளிலும் அதே வாக்குறுதி வந்திருந்தது. அது நிறைவேறாதபோது வாக்களித்தவரை யாரும் கேட்பதில்லை; நம்பிக்கை போதவில்லையோ என்ற ஐயம் பெற்றவர் நெஞ்சில் போய்ச் சேர்கிறது. நோயோடு குற்றவுணர்வையும் கொடுத்துவிட்டுப் போகும் சொல்லுக்கு ஆசி என்று பெயரிட இயலுமா?

நெடுவாழ்வு வேண்டும் வாழ்த்து ஏன் இவ்வளவு ஆழமாக இந்நாட்டில் வேரூன்றியது என்பதையும் எண்ணிப்பார்க்க வேண்டும். விடுதலை பெற்ற காலத்தில் இந்தியரின் சராசரி ஆயுள் எதிர்பார்ப்பு ஏறத்தாழ 32 ஆண்டுகள். 1971-இல் பிறந்த ஆயிரம் குழந்தைகளுள் 129 குழந்தைகள் முதலாண்டை நிறைவுசெய்யவில்லை. முதல் பிறந்தநாளில் ஆயுஷ்ய ஹோமம் செய்த பெற்றோரும், குழந்தையைக் குலதெய்வத்தின் முன் கிடத்திய பெற்றோரும், தர்காவில் காப்புக்கயிறு கட்டிய பெற்றோரும் அலங்காரச் சொல்லாக நீண்ட ஆயுளை வேண்டவில்லை. அது அச்சத்திலிருந்து பிறந்த வேண்டுதல். 2020-இல் அவ்விறப்பு ஆயிரத்துக்கு 28 ஆகக் குறைந்தது. ஆயுள் எதிர்பார்ப்பு எழுபதை எட்டியது. பல தலைமுறைகளின் வாழ்த்து ஓரளவுக்கேனும் பலித்திருக்கிறது. பலித்த வழியையும் மறத்தல் கூடாது. வேண்டுதலோடு நில்லாமல் தடுப்பூசிப் பெட்டியைச் சுமந்து ஆறு கடந்தவர்களும், கிராமத்துச் செவிலியர்களும், தூய குடிநீருக்காகக் குழாய் பதித்தவர்களும் அந்த ஆசியின் கைகளாக இருந்தனர். சீதளா தேவியிடமும் மாரியம்மனிடமும் பெரியம்மையிலிருந்து காக்குமாறு வேண்டிய நாடு 1975-இல் அந்நோயின் கடைசித் தொற்றுகளைக் கண்டது. வேண்டுதலையும் உழைப்பையும் எதிரெதிராக நிறுத்த வேண்டியதில்லை. ஒன்று மற்றொன்றைக் கடமையாக்கியது என்று கொள்வதே பொருந்தும்.

இக்கடமை முதியோர் வாழ்த்தில் மிகத் தெளிவாகப் புலப்படும். அறுபதாண்டுச் சுழற்சி நிறைந்து பிறந்த ஆண்டின் பெயர் மீண்டும் வரும்போது சஷ்டியப்தபூர்த்தி கொண்டாடப்படுகிறது. எண்பதாண்டும் ஏறத்தாழப் பத்து மாதங்களும் வாழ்ந்தவர் ஆயிரம் முழுநிலவுகளைக் கண்டவர் எனப் போற்றப்பட்டுச் சதாபிஷேகம் காண்கிறார். இச்சடங்குகளை ஏற்று நடத்துவோர் பெரும்பாலும் மக்களும் மருமக்களும் பேரரும் ஆவர். நீர்க்குடத்தைச் சுமந்து பெற்றோர் தலையில் ஊற்றும் கை, அவர்கள் முதுமையைத் தாங்கும் கையாகவும் இருக்கும் என்பது அச்சடங்கின் உட்பொருள். அதே நாட்டில் பெற்றோர் மற்றும் மூத்த குடிமக்கள் பராமரிப்புச் சட்டம் என ஒன்று 2007-இல் இயற்றப்பட வேண்டியிருந்தது. பிள்ளைகளிடமிருந்து பராமரிப்புத் தொகை கோரித் தீர்ப்பாயத்தை அணுக அச்சட்டம் வழிசெய்கிறது. மூத்தோரைக் கைவிடுவதைச் சிறைத்தண்டனைக்குரிய குற்றமாக்குகிறது. ‘நூறாண்டு வாழ்க’ என்று அயல்நாட்டிலிருந்து அனுப்பும் மகன் அந்த நூறாண்டில் எத்தனை நாள்களைத் தாம் பகிர்ந்துகொள்ளப்போகிறோம் என்று எண்ணிப்பார்த்தால், வாழ்த்து சற்று நடுங்கும். அந்த நடுக்கம் நல்லது. துணையற்ற முதியவருக்கு நீண்ட ஆயுளை மட்டும் வேண்டுவது, வேண்டுபவர் எண்ணாமலேயே கொடிய வேண்டுதலாகிவிடக்கூடும்.

மரபின் ஆசிகள் அனைத்தும் மாசற்றவை என்றும் கொள்வதற்கில்லை. பெண்ணுக்குக் கூறப்படும் தீர்க்க சுமங்கலி என்னும் ஆசியில் நீண்ட ஆயுள் வேண்டப்படுவது கணவனுக்கே. பிறந்தநாள் அவளுடையதாயினும் அவள் வாழ்வு அவன் வாழ்வின் நிழலாகவே அதில் எண்ணப்படுகிறது. கணவனை இழந்தவளுக்கு அந்த மரபு சொல்ல ஒரு சொல்லையும் வைக்கவில்லை. பல வீடுகளில் அவள் பிறந்தநாள் ஆசியற்றே கழிகிறது. ஆரத்தித் தட்டைச் சுற்ற அவளை அழைப்பதும் இல்லை. ஆண்மகவை வேண்டும் ஆசியும் அத்தகையதே. கருவின் பாலினத்தை அறிவிப்பதை 1994-ஆம் ஆண்டுச் சட்டத்தால் தடைசெய்ய நேர்ந்த ஒரு நாட்டில், பெரியோர் வாயால் ‘மகனைப் பெறுக’ என்று வரும் சொல் வெறும் வழக்கு என விட்டுவிடத்தக்கதன்று. வாழ்த்தின் வடிவம் பழையதாகத் தொடரலாம். அதில் வேண்டப்படும் பொருள் ஒவ்வொரு தலைமுறையாலும் ஆராயப்படவேண்டும்.

பல சமயத்தார் ஒரே அலுவலகத்திலும் ஒரே அடுக்ககத்திலும் வாழும் நாட்டில் இன்னொரு கேள்வியும் எழுகிறது. யாருடைய தெய்வத்தின் பெயரால் வாழ்த்துவது? இதற்குத் தொல்காப்பியத்தில் வியப்பூட்டும் ஒரு விடை உள்ளது. செய்யுளியலில் புறநிலை வாழ்த்து என்றொரு வாழ்த்துவகை கூறப்படுகிறது. வாழ்த்தப்படுபவர் வழிபடும் தெய்வம் அவரைப் புறத்தே நின்று காக்க, பழியற்ற செல்வத்தோடு அவர் வழிவழியாகச் சிறந்து விளங்குக என்பது அதன் சாரம். இங்கே இரு நுட்பங்கள் உள்ளன. காவலுக்கு அழைக்கப்படும் தெய்வம் வாழ்த்துபவரின் தெய்வம் அன்று. வாழ்த்தப்படுபவர் எத்தெய்வத்தை வழிபடுகிறாரோ அத்தெய்வம். வேண்டப்படும் செல்வமும் வெறுஞ்செல்வம் அன்று. பழி தீர்ந்த செல்வம். கேட்டதெல்லாம் கிடைக்கும் என்ற வாக்குறுதியோடு இதனை ஒப்பிட்டால், பழைய இலக்கணத்தார் வாழ்த்துக்கு எவ்வளவு பொறுப்பான எல்லை வகுத்தனர் என்பது விளங்கும்.

ஒருவர் தம் உள்ளத்தில் உறைந்த தெய்வத்தின் பெயரை விடுத்துப் பிறர் தெய்வத்தை அழைப்பது பொய்யாகாதா என்று நம்பிக்கையாளர் கேட்கலாம். நேர்மையான கேள்வி இது. தம் மனத்துக்குள் எவரும் எவருக்காகவும் தம் இறைவனிடம் வேண்டிக்கொள்ளலாம். அதைத் தடுப்பார் இல்லை. வெளியே உரைக்கப்படும் வாழ்த்து வேறு வகையது. அது பிறருடைய வாயிலில் கொண்டுபோய் வைக்கப்படுகிறது. ஓர் இசுலாமியத் தோழிக்கு நவராத்திரித் தேவியின் படத்தோடும், ஓர் இந்து நண்பருக்கு மனந்திரும்பச் சொல்லும் வசனத்தோடும் பிறந்தநாள் வாழ்த்து அனுப்புவோர் அன்பினால் அனுப்பக்கூடும். பெறுபவரோ அன்பையும் அழைப்பையும் பிரித்தறிய வேண்டிய நிலைக்குத் தள்ளப்படுகிறார். ‘உங்கள் இறைவன் உங்களைக் காக்க’ என்பதில் எவருடைய நம்பிக்கையும் குறைவுபடுவதில்லை.

பிறந்தநாளைக் கொண்டாடுவதையே ஏற்காத சமயநெறிகளும் உண்டு என்பதை நினைவிற்கொள்ளல் தகும். மூன்றாம் நூற்றாண்டுக் கிறித்தவ அறிஞர் ஓரிஜென், திருநூலில் பிறந்தநாள் விழா எடுத்தோர் பாரவோனும் ஏரோதுமே என்று சுட்டி அவ்வழக்கத்தைக் கண்டித்தார். ஏரோதின் பிறந்தநாள் விருந்தில்தான் திருமுழுக்கு யோவானின் தலை கொய்யப்பட்டது. தொடக்ககாலத் திருச்சபை மறைசாட்சிகள் உயிர்நீத்த நாளையே அவர்களின் உண்மைப் பிறந்தநாளாகக் கருதியது. யெகோவாவின் சாட்சிகள் இன்றும் பிறந்தநாள் கொண்டாடுவதில்லை; இசுலாமியருள்ளும் அதனைத் தவிர்ப்போர் பலர். அத்தகையோருக்கு ஆரவார வாழ்த்தை அனுப்பாமல் வேறொரு நாளில் நலம் விசாரிப்பதும் ஒருவகை வாழ்த்தே. ஒருவரை அறிந்திருப்பதற்கு அதுவே சான்றாகும்.

ஆசி பெரியவரிடமிருந்து சிறியவருக்கே வரவேண்டும் என்ற வழக்கினால், இளையோர் வாழ்த்த வயதில்லை என்று கூறி வணங்கி ஒதுங்குவது உண்டு. பணிவு போற்றத்தக்கது, எனினும் பக்தி மரபே அந்த எல்லையைக் கடந்திருக்கிறது. பெரியாழ்வார் அடியவராக இருந்துகொண்டே திருமாலுக்குப் பல்லாண்டு பாடினார். காப்பவனுக்கே தீங்கு நேருமோ என்று அஞ்சும் தாய்மனம் அங்கே தகுதிநிலையை மறந்துவிட்டது. கடவுளையே வாழ்த்தத் துணிந்த மரபில் வந்த பேத்தி, தன் பாட்டனாரை வாழ்த்தத் தயங்க வேண்டியதில்லை. அன்பு மிகும்போது வாழ்த்து மேல்நோக்கியும் பாயும்.

சொல்லைப் பொருளாக்கும் வழக்கங்களை இந்தியா முழுதும் காணலாம். வங்காளத்தில் நெல்லும் அறுகம்புல்லும் தலையில் வைத்து ஆசி கூறிப் பாயசம் ஊட்டுகின்றனர். விளைச்சலும் அழியாத பசுமையும் அந்தக் கைப்பிடியில் அடங்கியுள்ளன. மகாராட்டிர இல்லங்களில் விளக்கேற்றி ஆரத்தி சுற்றுகின்றனர். பார்சிகள் அக்கினிக் கோயிலுக்குச் சந்தனக்கட்டை கொண்டுசெல்கின்றனர். முகலாய அரசர் அக்பர் ஆண்டில் இருமுறை, கதிரவன் கணக்கிலும் நிலவின் கணக்கிலும் வரும் பிறந்தநாள்களில், துலாக்கோலில் அமர்ந்து தம் எடைக்கு நிகரான பொருள்களை நிறுத்து வழங்கச்செய்தார் என்று ஐன்-இ-அக்பரி கூறுகிறது. அரசனின் ஆயுளுக்கான வேண்டுதல் ஏழையின் மடியில் பொருளாக விழுந்தது. சீக்கியர் அர்தாஸ் யாருக்காகச் செய்யப்பட்டாலும் அனைவரின் நன்மையையும் வேண்டியே முடிகிறது. ஒருவருக்கான ஆசி அவரோடு நின்றுவிடலாகாது என்ற எண்ணம் இவற்றுள் பலவற்றில் ஓடுகிறது.

இவ்வளவும் வாழ்த்துபவரின் கடமைகள். வாழ்த்துப் பெறுபவருக்கும் ஒரு கடமை உண்டு என்று கருதிய மரபும் தொல்காப்பியத்தில் பதிவாகியுள்ளது. பாடாண் திணையின் துறைகளுள் ஒன்று பிறந்தநாள் பெருமங்கலம். அரசன் தன் பிறந்தநாளில் செற்றம் நீக்கியிருத்தல் அதன் பகுதி. அந்நாளில் அவன் சிறைப்பட்டோரை விடுவித்தலை உரையாசிரியர்கள் விளக்குகின்றனர். பகையை வைத்துக்கொண்டே மங்கலத்தைப் பெறுவது பொருந்தாது என்று அவர்கள் எண்ணினர் போலும்.

விடுவிக்கச் சிறையில்லாத எளிய மனிதருக்கும் இது பொருந்தும். பேச்சற்றுப்போன உடன்பிறந்தார், சொத்துத் தகராறில் விலகிய மாமன், ஒரு சொல்லால் முறிந்த நட்பு என ஒவ்வொரு வீட்டிலும் யாரோ ஒருவர் மறுபகிர்வுப் படத்தை மட்டும் ஆண்டுதோறும் அனுப்பிவிட்டு அமைதியாகிவிடுகிறார். அந்தப் படத்துக்கு வழக்கமான கைகூப்பும் குறியை அனுப்பாமல், பெயர் சொல்லி அழைத்துப் பேசலாம். அனுப்புபவரும் அடுத்த முறை படத்தின் அடியில் ஒரு வரியைத் தம் கையால் எழுதலாம்: பெறுபவரின் பெயர், அவருக்கு இவ்வாண்டு உண்மையில் வேண்டியது எது என்று அறிந்த ஒரு சொல், அதற்காகத் தம்மால் செய்யக்கூடியது ஒன்று. முடிவில் வியங்கோளில் ஒரு வினை. மற்றதை அவர் வழிபடும் தெய்வத்திடம் விட்டுவிடலாம்.